முழுப்பேர் வாங்கிய நடிகை



"சித்தி" நாடகத்தை மறந்தவர்கள் நம்மில் குறைவு. 1999 டிசம்பரில் சன் தொலைக்காட்சியில் தொடங்கி 2001 நவம்பர் வரை வாரநாட்களில் இரவு 9.30 மணிக்கு அது ஒளிபரப்பானது. அக்காலத்தில் இலங்கையின் கடிகாரம் இந்தியாவைவிட அரை மணித்தியாலம் முந்தி ஓடியது. ஆகவே நமக்கு அது இரவு பத்து மணி. விடியுமுன் எழுந்து அடுப்பு மூட்டி, பிள்ளைகளை வெளிக்கிடுத்தி, மலைக்கு ஏற வேண்டிய பெண்கள் பத்தரை வரை கண்விழித்திருந்தார்கள். டிஷ் அன்டெனா உள்ள ஒரு வீட்டுக் காம்பராவில் நாலைந்து வீட்டுப் பெண்கள் நெருங்கி உட்கார்ந்து பார்த்த லயங்கள் கொட்டகலையைச் சுற்றி எத்தனையோ.

வன்னியில் இருந்த சகோதரிகளின் கதை வேறு. அங்கே புலிகளின் கட்டுப்பாட்டுப் பகுதியில் பழைய நேரத்தையே வைத்திருந்தார்கள். ஆனால் நேரம் இருந்து என்ன, மின்சாரம் இல்லை. ஜெனரேட்டர் ஓடிய இடத்தில்தான் படம். 1977, 1983 கலவரங்களுக்குப் பயந்து மலையகத்தை விட்டு வவுனியா, கிளிநொச்சிப் பக்கம் போன குடும்பங்களுக்கும் அதே நிலைதான். அவர்களில் பலர் "சித்தி"யை வெறும் பேராகத்தான் கேள்விப்பட்டிருப்பார்கள்.

அந்த நாடகத்தில் சாரதாவாக வந்தவர் ராதிகா. சாரதா அழுதபோது அழுதோம். ஆனால் அந்த நாடகத்தின் முதலாளியும் அவரே என்பதை நம்மில் எத்தனை பேர் கவனித்தோம்? அந்த அரை மணி நேரத்தின் வரவு, செலவு, இலாபம், நட்டம் எல்லாம் ஒரு பெண்ணின் கணக்கில் இருந்தன. இம்மாதம் அந்தப் பெண்ணின் வாழ்க்கையைப் பார்ப்போம்.

இலங்கைத் தாயின் மகள்

ராதிகா 1962 ஓகஸ்ட் 21ஆம் திகதி பிறந்தார். தந்தை எம்.ஆர். ராதா. நாடக மேடையிலும் திரையிலும் "இரத்தக் கண்ணீர்" மூலம் பேர் பெற்ற பெரிய நடிகர். தாய் கீதா இலங்கைத் தமிழ்ப் பெண். எம்.ஆர். ராதாவுக்கு ஒன்றுக்கு மேற்பட்ட குடும்பங்கள் இருந்தன. அவற்றுள் ஒன்றில் மூத்த பெண்பிள்ளையாக ராதிகா வளர்ந்தார். நடிகை நிரோஷா இவரது தங்கை. நடிகர் ராதாரவி வேறு தாய்க்குப் பிறந்த அண்ணன்.

ராதிகாவுக்கு நாலரை வயதாக இருக்கும்போது குடும்பத்தின் மேல் இடி விழுந்தது. 1967 ஜனவரி 12ஆம் திகதி எம்.ஜி.ஆர். சுடப்பட்டார். அந்த வழக்கில் எம்.ஆர். ராதா குற்றவாளியாகி நான்கு ஆண்டுகளுக்கு மேல் சிறையில் இருந்தார். 1971இல்தான் விடுதலையானார். நாடு முழுவதும் பேசிய வழக்கு அது. எம்.ஜி.ஆரைத் தெய்வமாக எண்ணிய சனங்களின் நடுவே அவரைச் சுட்டவரின் பிள்ளையாக வளர்வது எப்படி இருந்திருக்கும் என்பதை நாம் ஊகிக்கத்தான் முடியும்.

தகப்பன் சிறையில் இருக்கும் வீட்டை நம் வாசகியரில் பலர் உள்ளிருந்தே அறிவார்கள். அயலவர் குரல் தாழ்த்திப் பேசுவதையும், பள்ளிக்கூடத்தில் பிள்ளையிடம் தகப்பன் பேரைக் கேட்கும்போது பிள்ளை தலை குனிவதையும் அறிவார்கள். அந்த வீட்டைத் தூக்கி நிறுத்துபவள் தாயாகத்தான் இருப்பாள். ராதிகாவின் படிப்பு இந்தியா, இலங்கை, இங்கிலாந்து என மூன்று நாடுகளில் நடந்தது. பிள்ளைகளை வளர்த்து ஆளாக்கிய தாய் கீதா 2025 செப்டம்பரில் காலமானார்.

கிழக்கே போகும் ரயில்

1978 ஓகஸ்டில் பாரதிராஜாவின் "கிழக்கே போகும் ரயில்" வெளிவந்தது. அதில் பாஞ்சாலி என்ற கிராமத்துப் பெண்ணாக ராதிகா அறிமுகமானார். அப்போது அவருக்குப் பதினாறு வயது நிறையச் சில நாட்கள் பாக்கி. வெளிநாட்டில் படித்த பெண் தாவணி கட்டிக் கிராமத்துப் பிள்ளையாக மாறினார். அடுத்த ஆண்டே, 1979 செப்டம்பரில், தந்தை காலமானார். பதினேழு வயதில் தகப்பனை இழந்த பெண்ணுக்கு அதன் பிறகு ஓய்வே இருக்கவில்லை. தமிழ், தெலுங்கு, மலையாளம், கன்னடம், ஹிந்தி என ஐந்து மொழிகளில் நடித்தார்.

அவர் நடித்த எல்லாப் படங்களையும் இங்கே அடுக்க இடமில்லை. இரண்டை மட்டும் சொல்கிறோம்.

முதலாவது, 1986இல் வெளிவந்த "சுவாதி முத்யம்" என்ற தெலுங்குப் படம். தமிழில் "சிப்பிக்குள் முத்து" என வந்தது. கே. விஸ்வநாத் இயக்கியது. கணவனை இழந்து, சிறு மகனோடு உறவினர் வீட்டில் ஏச்சும் பேச்சும் கேட்டு வாழும் இளம்பெண் லலிதாவாக ராதிகா நடித்தார். குழந்தை மனம் கொண்ட சிவய்யா, கமல்ஹாசன், கோயில் திருவிழாவில் ஊரார் முன்னால் அவளுக்குத் தாலி கட்டிவிடுகிறான். விதவையின் கழுத்தில் தாலி ஏறியதும் ஊர் கொதிக்கிறது. அந்த ஆண்டு ஒஸ்கார் பரிசுக்கு இந்தியா அனுப்பிய படம் இதுதான். பூவும் பொட்டும் வைப்பதா, நல்ல காரியத்துக்குப் போனால் முன்னால் நிற்பதா, பின்னால் நிற்பதா என்று இன்றும் தயங்கும் சகோதரிகள் நம்மிடையே இருக்கிறார்கள். லலிதாவின் முகத்தில் ராதிகா காட்டிய பயம் அவர்களுக்குத் தெரிந்த பயம்.

மற்றையது 1993இல் வந்த "கிழக்குச் சீமையிலே". மீண்டும் பாரதிராஜா. அண்ணனுக்கும் கணவனுக்கும் இடையில் மூண்ட பகையில் அகப்பட்டு அழிந்துபோகும் விருமாயி என்ற பாத்திரம். ஆண்கள் இருவர் பகைத்துக்கொண்டால் அதன் விலையைக் கொடுப்பவள் யார் என்பதை அந்தப் படம் பச்சையாகச் சொன்னது. போருக்கு நடுவில் வாழ்ந்த நமக்கு அதை விளக்கத் தேவையில்லை.

முறிந்தவையும் முளைத்தவையும்

ராதிகாவின் சொந்த வாழ்க்கை நேர்கோட்டில் போகவில்லை. 1985இல் நடிகரும் இயக்குநருமான பிரதாப் போத்தனைத் திருமணம் செய்தார். அடுத்த ஆண்டே அது முறிந்தது. 1990இல் மறுமணம் செய்தார். 1992இல் மகள் பிறந்தாள். அந்தத் திருமணமும் நிலைக்கவில்லை. கைக்குழந்தையோடு தனியாக நின்றார். 2001இல் நடிகர் சரத்குமாரை மணந்தார். 2004இல் மகன் பிறந்தான்.

சினிமாக்காரர்தானே, அவர்களுக்கு இதெல்லாம் சகஜம் என்று சிலர் சொல்லலாம். சகஜமாக இருந்திருந்தால் பத்திரிகைகள் அதைப் பற்றி அவ்வளவு எழுதியிருக்காது. பேர் தெரிந்த பெண் வீட்டை விட்டு வந்தால் அந்தப் பேச்சைக் கேட்க ஊரே கூடும்.

இந்த முறிவுகளுக்கு நடுவில் ஒரு விடயம் நம் கவனத்துக்கு உரியது. 1985இல், இருபத்திரண்டு, இருபத்து மூன்று வயதில், ராதிகா ஒரு படத்தைத் தாமே தயாரித்தார். பிரதாப் போத்தன் இயக்கிய "மீண்டும் ஒரு காதல் கதை" அது. புதிய இயக்குநரின் சிறந்த முதற் படத்துக்கான இந்திரா காந்தி விருது, இந்திய தேசிய விருதுகளில் அதற்குக் கிடைத்தது. திருமணம் முறிந்தது, ஆனால் பணம் போட்டு ஆட்களைச் சேர்த்து ஒரு வேலையை முடிக்கத் தம்மால் முடியும் என்ற அறிவு அவரிடம் தங்கிவிட்டது.

அரை மணி நேரத்தை வாங்கியவர்

முப்பது வயதைத் தாண்டிய நடிகைக்குக் கதாநாயகி வேடம் குறையும். அக்கா, அண்ணி, பிறகு அம்மா. அவரோடு கதாநாயகனாக நடித்த ஆண் அப்போதும் கதாநாயகனாகவே இருப்பார். இது எல்லா நாட்டு சினிமாவிலும் உள்ள வழக்கம். ராதிகா கூப்பிடுவார்கள் என்று காத்திருக்கவில்லை. 1993இல் தொடங்கிய சன் தொலைக்காட்சி தமிழ் வீடுகளுக்குள் வேகமாக நுழைந்துகொண்டிருந்தது. 1990களில் "ராடான்" என்ற தமது நிறுவனத்தை ஆரம்பித்துச் சின்னத்திரைப் பக்கம் திரும்பினார். அன்று சின்னத்திரைக்குப் போவதென்றால் மதிப்புக் குறைந்துவிட்டது என்றுதான் அர்த்தம் கொண்டார்கள்.

இந்த வியாபாரம் எப்படி நடந்தது என்று தெரிந்துகொள்வது நல்லது. நாடகம் தயாரிப்பவர் தொலைக்காட்சிக்கு ஒளிபரப்புக் கட்டணம் கட்டி அந்த அரை மணி நேரத்தைப் பெற்றுக்கொள்வார். நாடகத்தின் நடுவே வரும் விளம்பர நேரத்தில் ஒரு பகுதி அவருக்குக் கிடைக்கும். அதைச் சவர்க்காரம், மசாலைத்தூள், நகைக்கடை விளம்பரக்காரருக்கு விற்பார். அந்தக் காசில்தான் இயக்குநர், நடிகர், ஒளிப்பதிவாளர், ஒப்பனைக்காரர், சாப்பாடு கொண்டுவருபவர் வரை எல்லோருக்கும் சம்பளம். பார்ப்பவர் குறைந்தால் விளம்பரம் குறையும், நட்டம் தயாரிப்பாளருக்கு. வாரத்துக்கு ஐந்து நாள் நாடகம் போக வேண்டும். காய்ச்சல் என்றாலும் குடும்பத்தில் துக்கம் என்றாலும் நாளைய பகுதி தயாராக இருக்க வேண்டும்.

தோட்டத்தில் "பேர்" என்ற சொல்லுக்குத் தனிப் பொருள் உண்டு. வடக்கு, கிழக்கில் உள்ள சகோதரிகளுக்காகச் சொல்கிறோம். ஒரு நாள் முழுவதும் வேலை செய்தால் செக்ரோலில் ஒரு பேர் விழும். நிறுக்கும்போது கொழுந்து கிலோ குறைந்தால் அரைப்பேர். காலையிலிருந்து மழையிலும் அட்டைக்கடியிலும் நின்றது முழு உடம்பு. புத்தகத்தில் ஏறுவது பாதி. அந்தச் சம்பளத்தையும் வீட்டு ஆண் போய் வாங்கிவரும் வழக்கம் தோட்டங்களில் நெடுங்காலம் இருந்தது.

நடிகையின் தொழிலிலும் அப்படி ஓர் அரைப்பேர் உண்டு. முகம் அவருடையது, படம் இன்னொருவருடையது. ராதிகா சின்னத்திரையில் செய்தது அந்த அரைப்பேரை முழுப்பேர் ஆக்கியதுதான். நடிப்புக்கும் அவர் பேர், தயாரிப்புக்கும் அவர் பேர்.

ராடான் பின்னர் பங்குச் சந்தையில் பட்டியலிடப்பட்ட நிறுவனமாக வளர்ந்தது. சி.ஜே. பாஸ்கர் இயக்கிய "சித்தி" 467 பகுதிகள் ஓடியது. சிவகுமார் கணவராக நடித்தார். தெலுங்கில் "பின்னி" என்ற பேரில் போனது. அதன் பிறகு "அண்ணாமலை" (2002–2005), "செல்வி" (2005–2006), காவல்துறை அதிகாரியாக வந்த "அரசி" (2007–2009), "செல்லமே" (2009–2013). 2013 ஜனவரியில் தொடங்கிய "வாணி ராணி" 2018 டிசம்பர் வரை 1700 பகுதிகளுக்கு மேல் ஓடியது. சட்டத்தரணி வாணி, இல்லத்தரசி ராணி என்ற இரட்டைச் சகோதரிகள் இருவரும் அவரே. ஏறத்தாழ இருபது ஆண்டுகள் அவரது நாடகம் இல்லாத காலமே இல்லை என்று சொல்லலாம். "தங்கவேட்டை" போன்ற போட்டி நிகழ்ச்சிகளையும் அவரது நிறுவனம் தயாரித்தது.

சித்தி என்ற உறவு

"சித்தி" வருமுன் நம் கதைகளில் சித்தி என்றால் கொடுமைக்காரி. பிள்ளைக்குச் சோறு போடாதவள், சூடு வைப்பவள். அந்தப் பேரையே தலைப்பாக வைத்து, அன்புள்ள பெண்ணாகச் சித்தியை நடுவில் நிறுத்தினார்கள். அது துணிச்சலான தெரிவு.

நம் வீடுகளை எண்ணிப் பாருங்கள். போரில் தாயை இழந்த பிள்ளையைத் தாயின் தங்கை வளர்க்கும் வீடுகள் உண்டு. மனைவியை இழந்தவரும் கணவனை இழந்தவளும் சேர்ந்து, இரு பக்கத்துப் பிள்ளைகளையும் ஒரே பாயில் படுக்க வைக்கும் வீடுகள் உண்டு. தாய் வெளிநாட்டு வேலைக்குப் போக, சின்னம்மாவிடம் வளரும் பிள்ளைகள் மலையகத்தில் ஏராளம். இந்தச் சித்திமாரின் உழைப்புக்கு எந்தப் புத்தகத்திலும் பேர் விழுவதில்லை. பிள்ளை நன்றாகப் படித்தால் "செத்த தாயின் புண்ணியம்" என்பார்கள். பிள்ளை வழிதவறினால் "சித்தி வளர்ப்பு" என்பார்கள். ஒரு நாடகம் இந்த ஊர்ப்பேச்சை மாற்றிவிடாது. ஆனால் அதைப் பற்றிப் பேச ஒரு வாய்ப்பைத் தரும்.

நாடகத்துக்கு அந்தச் சக்தி உண்டென்பதை மத்திய கிழக்கில் வேலை செய்து திரும்பிய சகோதரிகள் நேரில் கண்டிருக்கலாம். 2008இல் ஒரு துருக்கி நாடகத்தை அரபியில் குரல்மாற்றி "நூர்" என்ற பேரில் அரபு நாடுகளில் காட்டினார்கள். எஜமானி வீட்டு வேலைகளை மறந்து தொலைக்காட்சி முன்னால் இருந்த காலம் அது. சொங்குல் ஓடென் நூராகவும் கிவாஞ்ச் தத்லிது அவளது கணவனாகவும் நடித்தார்கள். இறுதிப் பகுதியை எட்டரைக் கோடிப் பேர் பார்த்ததாக ஒளிபரப்பிய நிறுவனம் சொன்னது. மனைவி தொழில் செய்ய விரும்பும்போது பக்கத்தில் நிற்கும் கணவன் என்பதுதான் அங்கே பெண்களைக் கவர்ந்தது. அப்படி ஒரு கணவன் ஏன் நமக்கு இல்லை என்ற கேள்வி பல வீடுகளில் எழுந்தது. மதத் தலைவர்கள் சிலர் கண்டித்தார்கள். பெண்கள் தொடர்ந்து பார்த்தார்கள்.

நாடகத்துக்கு வெளியே

இவ்வளவு சொன்ன பிறகு ஒரு குறையையும் சொல்லத்தான் வேண்டும். நம் நாடகங்களில் நல்ல பெண் என்றால் பொறுத்துக்கொள்பவள். அடி வாங்குவாள், பழி சுமப்பாள், நானூறு நாள் அழுவாள், கடைசியில் எல்லோரும் அவளைப் புரிந்துகொள்வார்கள். கெட்டவளும் ஒரு பெண்தான். நாத்தனார், மாமியார், கணவனின் பழைய காதலி. ஆண் இடையில் ஒன்றும் அறியாதவர். ராதிகாவின் நாடகங்களும் இதிலிருந்து முற்றாகத் தப்பவில்லை. "இன்னும் கொஞ்சம் பொறுத்தால் அவர் திருந்துவார்" என்று எண்ணி அடியை மறைக்கும் சகோதரிக்கு இந்தக் கதைகள் நல்லதைச் செய்வதில்லை.

இதைத் தயாரித்த பெண்ணின் வாழ்க்கையோ வேறு விதமாகச் சென்றது. சேர்ந்து வாழ முடியாதபோது விலகினார். வேலை குறையும் என்று தெரிந்ததும் வேறு வேலை தேடினார். 2020 ஜனவரியில் "சித்தி 2" தொடங்கி, 2021இல் அதிலிருந்து தாம் ஒதுங்கியபோதும் நாடகம் 2022 வரை நடந்தது. அதாவது, தமது முகம் இல்லாமலும் ஓடக்கூடிய ஒரு தொழிலை அவர் கட்டியிருந்தார்.

எல்லாவற்றிலும் வென்றார் என்றும் சொல்ல முடியாது. அரசியலில் பல கட்சிகளைக் கண்டார். 2024இல் விருதுநகர் தொகுதியில் பாரதிய ஜனதா கட்சியின் சார்பில் போட்டியிட்டுத் தோற்றார். அதே ஆண்டு ஓகஸ்டில், மலையாள சினிமாவில் பெண்கள் படும் தொல்லைகள் பற்றிய நீதிபதி ஹேமா குழுவின் அறிக்கை வெளியானது. அப்போது, நடிகைகள் உடைமாற்றும் வண்டிகளில் மறைகமரா வைத்து எடுத்த காட்சிகளைப் படப்பிடிப்பில் சில ஆண்கள் கைபேசியில் பார்த்துச் சிரித்ததைத் தாம் கண்டதாகப் பகிரங்கமாகச் சொன்னார். அறுபது வயது கடந்த, செல்வாக்குள்ள நடிகைக்கே இதைச் சொல்ல இவ்வளவு காலம் எடுத்தது. வேலைத்தளத்தில் நடந்ததை வெளியே சொல்லத் தயங்கும் நம் பிள்ளைகளைக் குறைசொல்லுமுன் இதை நினைத்துக்கொள்வோம்.

அவர் நடத்திய நிகழ்ச்சிகளில் ஒன்று நம் மனதில் நிற்கிறது. 2019 டிசம்பரில் கலர்ஸ் தமிழ் தொலைக்காட்சியில் ஆரம்பித்த "கோடீஸ்வரி". பெண்கள் மட்டும் பங்குபற்றிய அறிவுப் போட்டி. 2020 ஜனவரியில் மதுரை நீதிமன்றத்தில் எழுதுவினைஞராக வேலை செய்த கௌசல்யா கார்த்திகா எல்லாக் கேள்விகளுக்கும் விடை சொல்லி ஒரு கோடி ரூபா வென்றார். அவருக்குக் காது கேளாது, வாய் பேச முடியாது. எதிரே அமர்ந்திருந்த ராதிகாவின் கண்கள் கலங்கின. அந்த இரவு அழுத பெண்கள் துக்கத்தில் அழவில்லை.

நாம் எதை எடுத்துக்கொள்வது?

ராதிகாவுக்கு இருந்த வசதி நமக்கு இல்லை. அவருக்குத் தந்தையின் புகழ் இருந்தது, சம்பாதித்த பணம் இருந்தது, தெரிந்த முகம் இருந்தது. அவரைப் பார்த்து நாளைக்கே நாமும் முதலாளியாகலாம் என்று சொன்னால் அது பொய். கடன் வாங்கித் தொழில் தொடங்கி, வாரா வாரம் வாசலுக்கு வரும் கடன்காரருக்கு அஞ்சி ஒளியும் சகோதரிகளை நாம் அறிவோம்.

ஆனால் "இது யாருடைய பேரில் இருக்கிறது?" என்று கேட்க முதல் வேண்டாம். கொழுந்தெடுத்தாலும், தையல் தைத்தாலும், ஆடு வளர்த்தாலும் அந்தக் கேள்வியைக் கேட்கலாம். சம்பளம் எந்தக் கணக்கில் விழுகிறது? ஊழியர் சேமலாப நிதியில் உங்கள் பேர் சரியாக எழுதப்பட்டுள்ளதா, அடையாள அட்டையில் உள்ளபடியே இருக்கிறதா? காணி இன்னமும் இறந்துபோன கணவரின் பேரிலா, காணாமற்போனவரின் பேரிலா, மாமனாரின் பேரிலா? கடன் உங்கள் பேரில் இருந்தால் அந்தக் காசு யார் கைக்குப் போனது? இந்த நான்கையும் ஒரு கொப்பியில் எழுதிப் பாருங்கள். எழுத வராதவர்கள் பிள்ளையைக் கொண்டு எழுதுவியுங்கள். விடை தெரியாத இடத்தில் மாதர் சங்கத்திலோ கிராம அலுவலரிடமோ கேளுங்கள்.

இன்றிரவு நாடகம் தொடங்கும்போது எழுத்துகள் வேகமாக ஓடும். பெரும்பாலும் நாம் அப்போதுதான் அடுப்பைப் பார்க்க எழுந்து போவோம். ஒரு நாள் இருந்து அந்தப் பேர்களை வாசித்துப் பாருங்கள். கதை எழுதியவர் யார், பணம் போட்டவர் யார், அவர்களில் பெண்கள் எத்தனை பேர் என்று பக்கத்தில் இருக்கும் பிள்ளையோடு சேர்ந்து எண்ணுங்கள். எண்ணி முடித்த பிறகு அடுப்பைப் பார்க்கலாம்.